நடிப்பை விட்டாத்தான் டைரக்‌ஷனா? டோர்ட்முண்ட் வாசகிக்கு ஒரு பதில்

கேள்வி:

"அக்கா, நான் டோர்ட்முண்டில பிறந்து வளர்ந்தனான். இப்ப 34 வயசு. நடிப்புப் பள்ளியில படிச்சுப்போட்டு மேடை நாடகத்திலயும் டிவியில சின்னச் சின்னப் பாத்திரங்களிலயும் நடிச்சுக்கொண்டு இருக்கிறன். என்ர மனுசன் டிரெக்டர். அவற்ற குறும்படங்களுக்கு ரெண்டு பேரும் சேர்ந்துதான் கதை எழுதுறனாங்கள், ஆனா பேர் வரேக்க அவற்ற பேர்தான் முன்னுக்கு நிக்கும். இப்ப நானே ஒரு படம் செய்ய வேணும் எண்டு ஆசையா இருக்கு. இந்த வயசில பிலிம் ஸ்கூலுக்குப் போக வேணுமோ? நடிப்பை விட்டாத்தான் என்னை டிரெக்டரா மதிப்பினமோ? என்ர டீச்சர் ஒருத்தர் மார்கரெத்தே ஃபொன் ட்ரோட்டாவைப் பார் எண்டு சொன்னவ. அவ எப்பிடி மாறினவ எண்டு சொல்லுங்கோ, அது எனக்கு உதவுமோ எண்டும் சொல்லுங்கோ."

பதில்:

தங்கச்சி, சுத்தி வளைக்காம பதிலை முதல்லயே சொல்லிடறேன். நடிப்பை விட வேண்டாம். பிலிம் ஸ்கூல் கட்டாயம் இல்ல. ஆனா ஒண்ணு கட்டாயம், உங்க பேர்ல மட்டும், தனியா உக்காந்து, ஒரு முழுநீளத் திரைக்கதைய எழுதி முடிச்சாகணும். திரைக்கதைகளைப் படிச்சு திருத்திக் குடுக்கிறதுதான் என் வேலை, நடிகைகள் நிறைய பேர் என்கிட்ட இதே கேள்வியோட வர்றாங்க, அவங்க எல்லாருக்கும் நான் சொல்றது இதுதான். உங்க டீச்சர் சரியான ஆளைத்தான் கை காட்டியிருக்காங்க, ஏன்னா ட்ரோட்டாவோட வாழ்க்கைய மேலோட்டமா சொல்றவங்க நடிகை, அப்புறம் டைரக்டர்னு ரெண்டே படி சொல்வாங்க, உண்மையில நடுவுல ஒரு நீளமான படி இருக்கு, அந்தப் படிதான் எழுத்து. நீங்க ஏற்கனவே அதுலதான் ஒரு கால் வச்சு நிக்கிறீங்க.

அவங்க பொறந்தது 1942, பெர்லின்ல. அம்மா எலிசபெத் ஃபொன் ட்ரோட்டா மாஸ்கோவுல பொறந்த பால்டிக் ஜெர்மன் பிரபுக் குடும்பத்துப் பொண்ணு, புரட்சிக்கு அப்புறம் எல்லாத்தையும் இழந்துட்டு வந்தவங்க. அப்பா ஆல்ஃப்ரெட் ரோலோஃப் ஒரு ஓவியர், அம்மாவுக்கும் அவருக்கும் கல்யாணம் ஆகல, பொண்ணு சின்ன வயசுல இருக்கும்போதே அவர் இறந்துட்டார். போர் முடிஞ்சதும் அம்மாவும் பொண்ணும் டூசல்டோர்ஃப்ல ரொம்ப கஷ்டத்துல வாழ்ந்தாங்க. இதுல உங்களுக்கு நெருக்கமா ஒரு விஷயம் இருக்கு, அம்மாவுக்கு எந்த நாட்டுக் குடியுரிமையும் கிடையாது, அதனால பொண்ணுக்கும் கிடையாது. ஜெர்மனியிலயே பொறந்து ஜெர்மன்லயே பேசி வளர்ந்தவங்களுக்கு முதல் கல்யாணம் ஆன பிறகுதான் ஜெர்மன் குடியுரிமை கிடைச்சுது. உங்க ஊர்ல அகதியா வந்து விசாவுக்காக வருஷக்கணக்கா ஆபீஸ் வாசல்ல நின்ன அப்பா அம்மாவோட பிள்ளைகள் எத்தனையோ பேர், அவங்களுக்கு இதை விளக்கவே வேண்டியதில்ல. நம்ம ஆளுக சிலர் இதெல்லாம் உள்ளூர்க்காரங்களுக்குத்தான் அமையும்னு சொல்லுவாங்க இல்லையா, அப்ப இந்தக் கதைய ஞாபகம் வச்சுக்கங்க.

ஸ்கூல் முடிச்சதும் வணிகப் பள்ளி, ஆபீஸ் வேலைன்னுதான் ஆரம்பம். அதுக்கப்புறம் பாரிஸ் போறாங்க, 60கள் தொடங்குற நேரம், அங்க பிரெஞ்சு புதிய அலைப் படங்களும் ஸ்வீடன் டைரக்டர் இங்மார் பெர்க்மனோட படங்களும் கண்ணுல படுது. அதுவரைக்கும் சினிமான்னா பொழுதுபோக்குன்னு நெனச்சிருந்த பொண்ணு பெர்க்மனோட 'தி செவந்த் சீல்' பாத்துட்டு இதைத்தான் நானும் செய்யணும்னு முடிவு பண்ணிட்டாங்க. அதாவது டைரக்டர் ஆகணும்ங்கிற ஆசை நடிப்புக்கு முன்னாடியே வந்துடுச்சு. ஆனா ஒரு பொண்ணு மேற்கு ஜெர்மனியில படம் எடுக்கிறதுன்னா அன்னைக்கு அதுக்கு வழியே கிடையாது. மேற்கு பெர்லின் பிலிம் அகாடமி 1966லதான் வருது, மியூனிக் பிலிம் ஸ்கூலும் கிட்டத்தட்ட அதே சமயம்தான். 1962ல ஓபர்ஹௌசன் அறிக்கைன்னு பழைய சினிமா செத்துடுச்சுன்னு இளைஞர்கள் கையெழுத்துப் போட்டாங்களே, அந்த 26 பேர்ல ஒருத்தர்கூட பொண்ணு இல்ல. அதனால இவங்க திறந்திருந்த ஒரே கதவு வழியா உள்ள போனாங்க, அது நடிப்பு. மியூனிக்ல நடிப்புப் பயிற்சி, அப்புறம் டிங்கல்ஸ்ப்யூல், ஸ்டுட்கார்ட், ஃபிராங்க்ஃபர்ட்னு ஊர் ஊரா மேடை. இதுக்கு நடுவுல கல்யாணம், ஒரு பையன், விவாகரத்து.

நடிப்பை விட்டாத்தான் மதிப்பாங்களான்னு கேக்கும்போது நீங்க இத்தனை வருஷமா நடிச்சதை ஏதோ நேரம் வீணாப் போன மாதிரி நெனைக்கிறீங்களோன்னு தோணுது, அதை ஏத்துக்க எனக்கு மனசு வரல. ட்ரோட்டா 1970 சமயத்துல ஜெர்மன் டைரக்டர் ஃபாஸ்பிண்டரோட படங்கள்ல நடிச்சாங்க, 'காட்ஸ் ஆஃப் தி பிளேக்', 'தி அமெரிக்கன் சோல்ஜர்', அப்புறம் 'பிவேர் ஆஃப் எ ஹோலி ஹோர்'. ஃபாஸ்பிண்டர் எவ்வளவு வேகமா எடுப்பார்னு உங்களுக்குத் தெரியும், ஒரே வருஷத்துல நாலஞ்சு படம் முடிக்கிற ஆள், பணம் கொஞ்சம், டேக் கொஞ்சம், யாரும் உக்காந்து சொல்லித் தர மாட்டாங்க, ஆனா கண்ணைத் திறந்து வச்சிருக்கிற நடிகைக்கு அந்த மாதிரி செட்டுதான் பள்ளிக்கூடம். கேமரா எங்க வைக்கிறாங்க, ஏன் இந்த டேக் ஓகே ஆச்சு, ஏன் அந்த டேக் ஆகல, டைரக்டர் பதட்டமா இருந்தா நடிகரோட உடம்பு எப்படி இறுகுதுன்னு உள்ள இருந்து தெரிஞ்சுக்கிற வாய்ப்பு பிலிம் ஸ்கூல் மாணவருக்குக் கிடைக்காது. உங்களுக்குக் கிடைச்சிருக்கு, இன்னமும் கிடைச்சுக்கிட்டே இருக்கு. அடுத்த ஷூட்டிங்ல உங்க சீன் முடிஞ்சதும் கேரவனுக்குப் போயிடாம ஸ்கிரிப்ட் சூப்பர்வைசர் பக்கத்துல போய் நில்லுங்க, அவங்க நோட்டுல என்ன எழுதறாங்கன்னு பாருங்க.

அவங்களோட ரெண்டாவது கணவர், டைரக்டர் ஷ்லோண்டோர்ஃப் பக்கம் வருவோம், உங்க கடிதத்தோட முள் அங்கதான் இருக்கு. ஃபோல்கர் ஷ்லோண்டோர்ஃபோட 'பால்' படத்துல 1970ல நடிச்சாங்க, 1971ல ரெண்டு பேருக்கும் கல்யாணம். அதே வருஷம் வந்த, கோம்பாக் கிராமத்து ஏழைங்க வரிப்பண வண்டியக் கொள்ளையடிக்கிற படத்துக்கு சேர்ந்து எழுதினாங்க, அதுல நடிக்கவும் செஞ்சாங்க. அடுத்தது 1972ல 'ஷ்ட்ரோஃபாயர்'. இதை நீங்க கண்டிப்பா தேடிப் பாருங்க. விவாகரத்து வாங்கிட்டு சுதந்திரமா வாழப் பாக்கிற ஒரு பொண்ணு, வேலை தேடுறா, பையனைத் தன்கிட்ட வச்சுக்கப் போராடுறா, முடியல. ட்ரோட்டா சொந்த வாழ்க்கையில பட்டதுதான் அதுல கதையாச்சு, ஷ்லோண்டோர்ஃபோட சேர்ந்து எழுதி, அவங்களே முக்கிய வேஷத்துல நடிச்சது. ஆனா படம் ஷ்லோண்டோர்ஃப் படம். தன் வலி, தன் எழுத்து, தன் முகம், எல்லாம் இருந்தும் ஃபிரேம் அடுத்தவரோடதா இருந்தா எப்படி இருக்கும்னு உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்ல.

1975ல வந்த 'காத்தரீனா ப்ளூமின் இழந்த மானம்' பெரிய வெற்றி. ஹைன்ரிஷ் ப்யோலோட கதை, ஒரு சாதாரண வீட்டுவேலைக்காரப் பொண்ண ஒரு பரபரப்புப் பத்திரிகை எப்படி நாசமாக்குதுன்னு. டைட்டில்ல டைரக்‌ஷன்னு ரெண்டு பேர் பேரும் இருக்கு. படப்பிடிப்புல நடிகர்களோட, முக்கியமா நாயகியா நடிச்ச ஆங்கெலா விங்க்லரோட வேலை செஞ்சது ட்ரோட்டா, டெக்னிக்கல் பக்கம் பெரும்பாலும் ஷ்லோண்டோர்ஃப். ஆனா வெளியில எல்லாரும் அதை அவர் படமாத்தான் பேசினாங்க, இன்னைக்கும் நிறைய லிஸ்ட்ல அப்படித்தான் பேசுறாங்க. அவர் கெட்டவர்னு நான் சொல்ல வரல, உங்க வீட்டுக்காரரும் கெட்டவர்னு சொல்லல. ஏற்கனவே பேர் இருக்கிறவரோட பேர் பக்கத்துல புதுப் பேரை வச்சா பழைய பேருக்குத்தான் வெளிச்சம் போகும், யாரும் திட்டம் போட்டு செய்யணும்னு அவசியமில்ல, அது பாட்டுக்கு நடக்கும். 1976ல 'கூ டெ க்ராஸ்' படத்துக்கும் எழுதி நடிச்சாங்க. அதுக்கப்புறம் ட்ரோட்டா எடுத்த முடிவுதான் எனக்கு ரொம்பப் பிடிச்சது. சண்டை போட்டுப் பிரிஞ்சு போகல, கல்யாணம் 1991 வரைக்கும் இருந்துது. படத்தை மட்டும் தனியாக்கிட்டாங்க. அதே கம்பெனி, மியூனிக்ல பையோஸ்கோப், அதே தயாரிப்பாளர் எபர்ஹார்ட் யுங்கர்ஸ்டோர்ஃப், ஆனா கதையும் டைரக்‌ஷனும் தன்னோடது.

அப்படி வந்த முதல் படம் 1978ல, 'தி செகண்ட் அவேக்கனிங் ஆஃப் கிறிஸ்டா கிளாகஸ்'. அப்ப அவங்களுக்கு 36 வயசு. உங்க 34ஐ நெனச்சுக் கவலைப்படாதீங்கன்னு சொல்ல இதைவிட நல்ல காரணம் வேணுமா! மியூனிக்ல நிஜமா நடந்த சம்பவம்தான் மூலம், குழந்தைகள் காப்பகத்தை மூட விடாம காப்பாத்த ஒரு டீச்சர் பேங்க்ல கொள்ளையடிச்சது. லூயிசா ஃப்ரான்சியாங்கிற இன்னொரு பெண்ணோட சேர்ந்து எழுதினாங்க, மேற்கு ஜெர்மன் டிவி நிறுவனம் டபிள்யூடிஆர் பணம் போட்டுச்சு. அதுல பேங்க் கிளார்க் லேனான்னு ஒரு கேரக்டர், காத்தரீனா தால்பாக் நடிச்சது. கொள்ளையில தன்னைப் பிணையா பிடிச்ச கிறிஸ்டாவையே நெனச்சு நெனச்சு, அவ யாரு என்னன்னு படம் பூரா தேடிக்கிட்டே இருப்பா. கடைசியில போலீஸ் கிறிஸ்டாவ எதிர்ல நிறுத்தி இவதானான்னு கேக்கும்போது லேனா நல்லா முகத்தைப் பாத்துட்டு, இல்ல, இவ இல்லன்னுடுவா. அவ்வளவுதான். நீளமா ஒரு வசனமும் இல்ல, ரெண்டு பொண்ணுங்க ஒருத்தர ஒருத்தர் பாக்கிறதுல ஒரு முழு நட்பு நடந்து முடிஞ்சிடுது. கேமராவுக்கு முன்னாடி நின்னு பழகின ஒருத்தரால மட்டும்தான் ஒரு பார்வைய நம்பி ஒரு படத்தோட முடிவை அப்படி விட முடியும்னு நான் நெனைக்கிறேன்.

அந்தக் காலத்தையும் கொஞ்சம் பாத்துக்கங்க. மேற்கு ஜெர்மனியில மனைவி வேலைக்குப் போறதா இருந்தா அது வீட்டுக் கடமைக்கு இடைஞ்சலா இருக்கக் கூடாதுன்னு சட்டத்துலயே எழுதி வச்சிருந்தாங்க, அது மாறினது 1977 ஜூலையில. இவங்க படம் அடுத்த வருஷம் வருது. ஹெல்கே சாண்டர், ஹெல்மா சாண்டர்ஸ்-ப்ராம்ஸ், யுட்டா ப்ரூக்னர்னு கூடவே ஒரு தலைமுறையே கிளம்பிச்சு, 1979ல சினிமாவுல வேலை செய்ற பெண்களுக்குன்னு தனி சங்கம் ஆரம்பிச்சு, சினிமா மானியத்துல பாதி பெண்களுக்குன்னு கேட்டாங்க. அந்தக் கோரிக்கை இன்னும் முழுசா நிறைவேறல, 2014லயும் பெண் டைரக்டர்கள் ப்ரோ குவோட்டேன்னு அமைப்பு ஆரம்பிச்சு திரும்ப அதையேதான் கேக்க வேண்டி வந்துச்சு. நீங்க போய்ச் சேர வேண்டிய இடங்கள்ல அதுவும் ஒண்ணு. தனியா எழுதுங்கன்னு சொல்றேனே தவிர தனியா இருங்கன்னு சொல்லல.

அடுத்து 1979ல அக்கா தங்கச்சிய வச்சு ஒரு படம், அதுக்கு அடுத்தது 1981ல 'டீ ப்ளைஎர்னெ ட்சைட்', இங்கிலீஷ்ல 'மரியான் அண்ட் ஜூலியான்'. வெனிஸ் விழாவுல கோல்டன் லயன். ஒரு பெண் டைரக்டருக்கு அந்த விருது போனது அதுதான் முதல் தடவை. இது எங்க இருந்து வந்ததுன்னு தெரிஞ்சுக்கிட்டா எழுத்துக்கு ரொம்ப உதவும். 1977 அக்டோபர்ல செம்படைங்கிற ஆயுதம் ஏந்தின இடதுசாரி அமைப்போட குட்ருன் என்ஸ்லின் ஸ்டாம்ஹைம் ஜெயில்ல செத்தப்ப ஸ்டுட்கார்ட்ல நடந்த அடக்கத்தை ஒரு கூட்டுப் படத்துக்காக ஷ்லோண்டோர்ஃப் குழு படம் பிடிச்சுது. அங்கதான் ட்ரோட்டாவுக்கு குட்ருனோட அக்கா தங்கச்சிகள்ல ஒருத்தரான கிறிஸ்டியானே பழக்கமாகுறாங்க. நாடே அந்த ஜெயிலைப் பத்தியும் தீவிரவாதத்தைப் பத்தியும் கத்திக்கிட்டிருக்கும்போது இவங்க கூடப்பொறந்தவ பக்கத்துல போய் உக்காந்து அவ வீட்டுக் கதைய கேட்டாங்க. படத்தை கிறிஸ்டியானேவுக்கே சமர்ப்பணமும் பண்ணினாங்க. எல்லாரும் பாக்கிற பெரிய விஷயத்துல யாரும் பாக்காத ஆள் யாருன்னு தேடுறதுதான் திரைக்கதையில பாதி வேலை.

அந்தப் படத்துல ரெண்டு இடத்தை நிறுத்தி நிறுத்திப் பாருங்க. ஒண்ணு ஜெயில்ல இருக்கிற ஒருத்திய இன்னொருத்தி பாக்க வர்ற சீன். காவலுக்கு ஆள் நிக்கிறாங்க, அக்காளும் தங்கச்சியும் பேச வேண்டியது மலையளவு இருக்கு, அரசியல்ல ஒருத்தருக்கொருத்தர் ஒத்தே போகாது. அந்த நேரத்துல ரெண்டு பேரும் போட்டிருக்கிற ஸ்வெட்டரைக் கழட்டி மாத்திப் போட்டுக்கிறாங்க. சின்ன வயசுல ஒரே ரூம்ல வளர்ந்தது, உடம்பு சூடு, பிரிவு, ஜெயில் குளிர், எல்லாம் அந்த ஒரு செய்கையில இருக்கு. இன்னொண்ணு பின்னாடி வேற ஜெயில்ல, நடுவுல கண்ணாடித் தடுப்பு, ஒருத்தி முகம் கண்ணாடியில விழுந்து இன்னொருத்தி முகத்து மேல படியும், எது யாரோட முகம்னே ஒரு நொடி தெரியாது. நடிச்சது யுட்டா லாம்பேயும் பார்பரா சுகோவாவும். ஸ்வெட்டர் யோசனை வசனமா யோசிக்கிறவங்களுக்கு வராது, உடம்பால யோசிக்கிறவங்களுக்குத்தான் வரும். அது உங்ககிட்ட இருக்கு.

இருந்தும், நடிகைகள் எழுதுற முதல் திரைக்கதையில நான் அடிக்கடி பாக்கிற குறை என்னன்னா எல்லா உணர்ச்சிக்கும் வசனம் எழுதிடுவாங்க. ஏன்னா இத்தனை வருஷம் கையில வந்ததெல்லாம் வசனம்தான், வசனத்தை வச்சுத்தான் கேரக்டரைப் பிடிச்சு பழக்கம். ஆடிஷன் பேப்பர்ல அழகா இருக்கும், முழுப் படமா படிச்சா மூச்சு முட்டும். அதனால உங்களுக்கு ஒரு வேலை தர்றேன், முதல் பத்துப் பக்கத்தை யாரும் வாயே திறக்காம எழுதுங்க. யார் எங்க நிக்கிறா, கையில என்ன இருக்கு, எதைப் பாக்கிறா, எதைப் பாக்காம தவிர்க்கிறா. அதுக்கப்புறம் வசனம் எங்க கண்டிப்பா வேணுமோ அங்க மட்டும் சேருங்க. மேடை நாடகக்காரங்களுக்கு இது ரொம்ப கஷ்டமா இருக்கும், விட்றாதீங்க.

முதல் படத்துல நீங்களே முக்கிய வேஷத்துல நடிக்கிறதும் வேண்டாம்னு சொல்வேன். ட்ரோட்டா தனியா எடுத்த படங்கள்ல தன்னை நாயகியா வச்சுக்கல. அதுக்குப் பதிலா நடிகைகளை வருஷக்கணக்கா கூடவே வச்சிருந்தாங்க. பார்பரா சுகோவா 1981ல ஆரம்பிச்சு 'ரோசா லக்ஸம்பர்க்', 'விஷன்', 'ஹன்னா ஆரெண்ட்', 2015ல 'தி மிஸ்ப்ளேஸ்ட் வேர்ல்ட்' வரைக்கும் வர்றாங்க. ரோசா லக்ஸம்பர்க்குக்காக சுகோவாவுக்கு 1986ல கான் விழாவுல சிறந்த நடிகை விருது. கேமராவுக்கு ஃப்ரான்ஸ் ராத் முதல் படத்துல இருந்து பல படம். உங்க கூட மேடையில நிக்கிறவங்கள்ல யார் முகத்தை இன்னும் இருபது வருஷம் படம் பிடிக்கத் தோணுதோ அவங்களுக்காக எழுதுங்க, டேலண்ட் தேடி எங்கயும் போக வேண்டாம்.

வெற்றியத்தான் இதுவரை சொன்னேன். கஷ்டத்தையும் சொல்லணும், இல்லன்னா கோல்டன் லயன் வாங்கிட்டா அதுக்கப்புறம் எல்லாம் தானா நடக்கும்னு நெனச்சுடுவீங்க. சோஷலிசப் புரட்சியாளர் ரோசா லக்ஸம்பர்க் பத்தின படம் முதல்ல ஃபாஸ்பிண்டர் எடுக்க இருந்தது, 1982ல அவர் இறந்த பிறகு இவங்ககிட்ட வந்துச்சு, இருந்த திரைக்கதைய வச்சுக்கிட்டு ஓட்டாம ரோசாவோட கடிதங்களையெல்லாம் உக்காந்து படிச்சு புதுசாவே எழுதினாங்க. அதுக்கப்புறம் சில வருஷம் இத்தாலியில வேலை. ஜெர்மனி இணைஞ்ச பிறகு பெர்லின் சுவர் பிரிச்ச காதலைப் பத்தி எடுத்த 'தி ப்ராமிஸ்' 1995 பெர்லின் விழாவுல திறப்புப் படம். அதுக்கப்புறம் பாருங்க, 90கள்ல ஜெர்மன் சினிமா காமெடி பக்கம் சாய்ஞ்சிடுச்சு, இவங்களோட கனமான கதைகளுக்குப் பணம் கிடைக்கிறது கஷ்டமாச்சு, டிவிக்குத்தான் படம் எடுத்தாங்க. உவே யோன்சனோட பெரிய நாவல் 'யார்ஸ்டாகே' 2000ல நாலு பாக டிவி படமா வந்தது அப்படித்தான், 'டாட்டோர்ட்' துப்பறியும் சீரியல்ல எபிசோட்கூட ஒண்ணு செஞ்சிருக்காங்க. ஞாயித்துக்கிழமை ராத்திரி உங்க வீட்டுலயும் ஓடுமே அதே டாட்டோர்ட்தான். டிவிக்கு செய்றது இறக்கம்னு அவங்க நெனச்சு உக்காந்திருந்தா 2003ல 'ரோசன்ஸ்ட்ராஸெ' வந்திருக்காது, யூதக் கணவர்களை விடச் சொல்லி 1943ல பெர்லின் தெருவுல போய் நின்ன மனைவிகளோட கதை, காட்யா ரீமன் அதுக்கு வெனிஸ்ல சிறந்த நடிகை.

தத்துவச் சிந்தனையாளர் ஆரெண்ட் பத்தின 'ஹன்னா ஆரெண்ட்' 2012ல வர்றதுக்கு முன்னாடியும் பல வருஷம் இழுத்துச்சு. ஒரு பொண்ணு சிகரெட் பிடிச்சுக்கிட்டே யோசிக்கிறதை யார் பாப்பாங்கங்கிறதுதான் பணம் போடறவங்களோட பயம். பமேலா காட்ஸோட சேர்ந்து திரும்பத் திரும்ப எழுதினாங்க. அதுல நாஜி அதிகாரி ஐக்மன் வேஷத்துக்கு நடிகர் கிடையாது, 1961 ஜெருசலேம் வழக்கோட நிஜ கறுப்பு வெள்ளைப் பதிவையே சேர்த்துட்டாங்க. ஒரு நடிகை டைரக்டரான பிறகு எடுத்த முடிவுன்னு நெனச்சுப் பாருங்க, நடிகர் யாராவது நடிச்சா பாக்கிறவங்க நடிப்பைப் பாத்துப் பாராட்ட ஆரம்பிச்சிடுவாங்க, நிஜ ஆளைப் பாத்தாத்தான் அந்த மனுஷனோட சாதாரணத்தனம் அறையும். நடிப்பு எங்க கூடாதுங்கிறதும் அவங்களுக்குத் தெரிஞ்சிருக்கு. 2023ல, 81 வயசுல, கவிஞர் இங்கபோர்க் பாக்மன் பத்தின படத்தோட பெர்லின் விழாவுல போட்டியில இருந்தாங்க.

சொந்த வாழ்க்கையப் பத்தி ஒண்ணே ஒண்ணு. அம்மா இறந்த பிறகுதான் தனக்கு ஒரு அக்கா இருக்கிறதே ட்ரோட்டாவுக்குத் தெரிய வந்துச்சு, அம்மா சின்ன வயசுல பெத்து தத்துக் குடுத்துட்ட பொண்ணு. தெரியறதுக்கு முன்னாடியே அக்கா தங்கச்சி கதைதான் எழுதிக்கிட்டு இருந்தாங்க, பின்னாடி 2015ல அந்த விஷயத்தையே தொட்டு ஒரு படம் எடுத்தாங்க. உங்க கடிதத்துல எனக்கு என்ன கதை இருக்குன்னு தெரியலன்னு எங்கயும் எழுதல, அதனால உள்ள ஒண்ணு ஓடிக்கிட்டிருக்குன்னு எடுத்துக்கறேன். அது டோர்ட்முண்ட் கதையா இருக்கட்டும், உங்க அம்மா கதையா இருக்கட்டும், மானியம் குடுக்கிற கமிஷன்ல உக்காந்திருக்கிறவங்களுக்குப் புரியணுமேன்னு புலம்பெயர்ந்தவங்க துயரம்னு பொதுவா மாத்தி எழுதிடாதீங்க. ஒரு வீடு, ஒரு சமையக்கட்டு, ரெண்டு பேர் போதும்.

நடிப்பை விடணுமான்னு கேட்டீங்களே, அதுக்கு மரியா ஷ்ராடரைப் பாருங்க. 1999ல 'ஏமே அண்ட் ஜாகுவார்'ல நடிச்சதுக்கு யூலியானே க்யோலரோட சேர்ந்து பெர்லின்ல வெள்ளிக் கரடி வாங்கின நடிகை. அவங்களும் 80கள் கடைசியிலயே டைரக்டர் டானி லெவியோட சேர்ந்து படங்களுக்கு எழுதத் தொடங்கினவங்கதான், பாத்தீங்களா, அங்கயும் எழுத்துதான் முதல்ல. தனியா டைரக்ட் பண்ணின முதல் படம் 2007ல, அடுத்தது எழுத்தாளர் ஸ்டெஃபான் ஸ்வைக் பத்தினது 2016ல. நடுவுல ஒன்பது வருஷம்! அந்த இடைவெளியில நடிப்பை விடல, 'டாய்ச்லாண்ட் 83' சீரியல்ல நடிச்சுக்கிட்டுத்தான் இருந்தாங்க. 2020ல 'அன்ஆர்த்தடாக்ஸ்' டைரக்‌ஷனுக்கு எம்மி, அடுத்த வருஷம் 'ஐ'ம் யுவர் மேன்', அதுக்கு ஜெர்மன் ஃபிலிம் விருதுல சிறந்த படம், டைரக்‌ஷன், திரைக்கதை எல்லாம். நடிப்பு வீட்டு வாடகைய குடுக்கும், செட்டுக்குள்ள வச்சிருக்கும். விட்டுட்டு வந்தாத்தான் மதிப்பாங்கங்கிறது நம்மளே போட்டுக்கிற நிபந்தனை.

பிலிம் ஸ்கூல் விஷயம். பெர்லின், மியூனிக், பாபெல்ஸ்பெர்க், லுட்விக்ஸ்புர்க், உங்களுக்குப் பக்கத்துல கொலோன்ல ரெண்டு, எல்லாமே நல்ல இடம். அங்க கிடைக்கிற பெரிய லாபம் கூட வேலை செய்யப் போற ஆட்களும், டிப்ளமா படத்துக்கு டிவி எடிட்டர்கள் வந்து பாக்கிறதும். ஆனா 34 வயசுல வாடகை கட்டிக்கிட்டு நாலஞ்சு வருஷம் முழுநேரமா படிக்க முடியுமான்னு நீங்கதான் கணக்குப் பாக்கணும். முடியும்னா போங்க, தடுக்கல. முடியாதுன்னா வேற வழி இருக்கு: ரெண்டு நடிகர், ஒரே இடம், பதினஞ்சு நிமிஷத்துக்குள்ள ஒரு குறும்படம், டைரக்‌ஷன் நீங்க மட்டும். அதையும் முழுநீளத் திரைக்கதையையும் கையில வச்சுக்கிட்டு ஒரு சின்னத் தயாரிப்பாளர்கிட்ட போங்க. ஜெர்மனியில முதல் படத்துக்குப் பணம் பெரும்பாலும் டிவியும் மாநில ஃபண்டும் சேர்ந்துதான் வரும், இசட்டிஎஃப் டிவியில 'தாஸ் க்ளைனெ ஃபெர்ன்ஸேஷ்பீல்'னு ஒரு பிரிவு 1963ல இருந்து இருக்கு, புது டைரக்டர்களோட முதல் படங்களுக்கு அது பேர் போன இடம். உங்க மாநிலத்தோட ஃபண்ட், டூசல்டோர்ஃப்ல இருக்கிற ஃபிலிம் உண்ட் மேடியன்ஷ்டிஃப்டுங். படம் எடுக்கிறதுக்கு முன்னாடி திரைக்கதை எழுதறதுக்குன்னே தனி மானியம் இருக்கு, முதல்ல அதுக்கு விண்ணப்பம் போடுங்க, கிடைச்சா அது ஒரு எழுத்தாளரா உங்களுக்குக் கிடைக்கிற முதல் அத்தாட்சி. எழுத்து வேலையில வருஷத்துக்கு 3900 யூரோவுக்கு மேல வர ஆரம்பிச்சா கலைஞர் சமூகக் காப்பீடு, அதான் கேஎஸ்கே, அதைப் பத்தி விசாரிங்க, ஆரம்பக் காலத்துக்கு அந்த வருமான வரம்புல சலுகையும் உண்டு. நாடகத்துல சம்பள வேலையில இருக்கிறதால எது எப்படிப் பொருந்தும்னு ஒரு ஆலோசகர்கிட்ட உக்காந்து பேசிடுங்க.

கடைசியா உங்க வீட்டுக்காரரோட எழுதுற படங்கள். அதை நிறுத்தச் சொல்லல, நல்லா போயிட்டிருந்தா எதுக்கு நிறுத்தணும். ஆனா ஜெர்மன் காப்புரிமைச் சட்டம் 13ஆம் பிரிவுப்படி எழுதினவரோட பேர் போடப்படணும்ங்கிறது உங்க உரிமை, 8ஆம் பிரிவுப்படி சேர்ந்து எழுதினா ரெண்டு பேருமே ஆசிரியர்கள், ஒருத்தர் சம்மதம் இல்லாம இன்னொருத்தர் வெளியிட முடியாது. இதை சண்டையா எடுத்துட்டுப் போகாதீங்க, அடுத்த குறும்படத்துக்கு முதல் வரி எழுதறதுக்கு முன்னாடி ஒரே ஒரு பக்கம் ஒப்பந்தம் எழுதுங்க: கதை யாரோடது, திரைக்கதையில யார் பேர் முதல்ல, போஸ்டர்லயும் விழா கேட்டலாக்லயும் எப்படி வரும், விருதோ பணமோ வந்தா எப்படிப் பிரிக்கிறது. ரெண்டு பேரும் கையெழுத்துப் போட்டு ஆளுக்கு ஒரு காப்பி வச்சுக்கங்க. உங்க சொந்தத் திரைக்கதைய மட்டும் முதல் டிராஃப்ட் முடியற வரைக்கும் அவர்கிட்ட காட்ட வேண்டாம், முடிச்சிட்டு காட்டுங்க, அவர் கருத்து சொல்லட்டும், ஆனா அவர் கையால ஒரு சீன்கூட திருத்தி எழுத விடாதீங்க. அந்த வசனமில்லாத பத்துப் பக்கம் ரெடியானதும் எனக்கு அனுப்புங்க, படிச்சுட்டு எழுதறேன்.